ஏற்காடு ஏற்றத்தில் இழுக்காத குவாலிஸ்: வீட்டிலேயே டீசல் ஃபில்டர் மாற்றிய அனுபவம்

டீசல் வண்டியில் ஃபில்டர் அடைத்திருப்பதைச் சமதரையில் ஓட்டிக் கண்டுபிடிப்பது கடினம். மலை ஏற்றினால் தெரிந்துவிடும். எங்கள் வீட்டிலுள்ள 2003 ஆம் ஆண்டு டொயோட்டா குவாலிஸ், சேலம் நகருக்குள்ளும் ஓமலூர் சாலையிலும் எந்தக் குறையும் காட்டாமல் ஓடிக்கொண்டிருந்தது. ஏற்காடு மலைப்பாதையிலோ, அடிவாரத்தைத் தாண்டிச் சில கொண்டை ஊசி வளைவுகள் ஏறியதுமே மூன்றாவது கியரில் போக வேண்டிய இடத்தில் இரண்டாவது கியர் கேட்டது. ஆக்ஸிலரேட்டரை முழுவதும் மிதித்தாலும் வண்டி இழுக்கவில்லை. ஓரமாக நிறுத்தி, ஓரிரு நிமிடம் ஐட்லிங்கில் (வண்டி நகராமல் எஞ்சின் மட்டும் மெதுவாக ஓடும் நிலையில்) விட்டு எடுத்தால் அடுத்த வளைவு வரை நன்றாகப் போகும். பிறகு மறுபடியும் திணறும்.

நிறுத்தி எடுத்தால் சிறிது நேரம் சரியாகிவிடுகிறது என்ற இந்த அடையாளமே என் கவனத்தை ஃபில்டர் பக்கம் திருப்பியது. இந்த வண்டியில் இருப்பது 2,446 சி.சி. கொள்ளளவுள்ள, டர்போ (காற்றை அழுத்தி எஞ்சினுக்குள் தள்ளும் கருவி) இல்லாத, பழைய முறை டீசல் எஞ்சின். ஐட்லிங்கில் அது மணிக்கு ஏறத்தாழ ஒரு லிட்டர் டீசல்தான் எரிக்கும். ஏற்றத்தில் முழுப் பளுவில் இழுக்கும்போது அந்த அளவு பத்து லிட்டரையும் தாண்டிவிடும். அதோடு, டீசலை எஞ்சினுக்கு அனுப்பும் பம்ப், எரிப்பதற்குத் தேவையானதை மட்டும் உறிஞ்சுவதில்லை; தன்னைக் குளிர்வித்துக்கொள்ளவும் உயவிட்டுக்கொள்ளவும் கூடுதலாக உறிஞ்சி, மீதியை ரிட்டர்ன் பைப் வழியாக டேங்குக்கே திருப்பி அனுப்புகிறது. அந்த டீசல் அத்தனையும் ஃபில்டர் தாளின் வழியாகத்தான் வந்தாக வேண்டும். பாதி அடைத்த தாள் ஐட்லிங்கின் தேவைக்குத் தாராளமாகப் போதும். தொடர்ச்சியான ஏற்றத்துக்குப் போதாது. நிறுத்தும்போது பம்ப் நிரம்பிக்கொள்கிறது, அந்த நிரப்பு தீரும்வரை வண்டி போகிறது.

உயரத்தில் காற்று மெலிதாக இருப்பதால் டர்போ இல்லாத எஞ்சின் அப்படித்தான் இருக்கும் என்று சொன்னவர்களும் உண்டு. அதில் உண்மை இருக்கிறது. சேலம் கடல் மட்டத்திலிருந்து 300 மீட்டருக்கும் குறைவான உயரத்தில் இருக்கிறது. ஏற்காடு ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே காற்றழுத்தம் கடல் மட்டத்தைவிட ஆறில் ஒரு பங்கு அளவுக்குக் குறைந்துவிடும். ஆனால் காற்றுக் குறைவுக்கும் டீசல் குறைவுக்கும் வேறுபாடு சைலன்சரில் தெரியும். காற்று போதாமல் டீசல் மட்டும் வழக்கம்போல் வந்துகொண்டிருந்தால் கரும்புகை தள்ளும். டீசலே வராவிட்டால் புகையே இல்லாமல் வண்டி சோர்ந்துபோகும். எங்கள் வண்டி புகை விடவில்லை. மேலும், உயரத்தால் வரும் சோர்வு மேலே போகப் போகப் படிப்படியாகக் கூட வேண்டும். இங்கே அடிவாரத்திலிருந்து சிறிது தூரத்திலேயே தொடங்கி, நிறுத்தினால் விலகி, மீண்டும் வந்துகொண்டிருந்தது. உயரத்தின் மேல் பழி போட்டுவிட்டு இருந்திருந்தால் பம்பே பாழாகியிருக்கும் என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடிகிறது.

ஃபில்டரைக் கழற்றுவதற்கு முன் செலவில்லாத சோதனைகளை முடித்துக்கொண்டேன். டேங்க் மூடியில் உள்ள காற்றுத் துளை அடைத்திருந்தாலும் இதே அறிகுறிகள் தோன்றும். டீசல் வெளியேற வெளியேற டேங்குக்குள் வெற்றிடம் உண்டாகி, பம்பின் உறிஞ்சலை எதிர்த்து இழுக்கும். வண்டி திணறும் நேரத்தில் மூடியைத் திறந்து பார்த்தேன். உஸ் என்ற சத்தம் இல்லை, திறந்தபின் இழுவையும் கூடவில்லை. ஏர் ஃபில்டரை எடுத்து வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்த்ததில் அதுவும் சுத்தமாகவே இருந்தது. அடுத்து, டீசல் ஃபில்டரிலிருந்து பம்புக்குப் போகும் ரப்பர் குழாயைக் கழற்றிவிட்டு, அதே அளவுள்ள, உள்ளே இருப்பது வெளியே தெரியும் பிளாஸ்டிக் குழாயைத் தற்காலிகமாகப் பொருத்தினேன். டீசலும் சூடும் சேர்ந்து இந்தக் குழாயைச் சில வாரங்களில் விறைக்க வைத்துவிடும் என்பதால் சோதனை முடிந்ததும் எடுத்துவிட வேண்டும். ஐட்லிங்கில் டீசல் கண்ணாடிபோல் தெளிவாக ஓடியது. ஒருவரை ஆக்ஸிலரேட்டரை மிதித்து வேகத்தை உயரத்தில் பிடிக்கச் சொன்னதும், சிறிது நேரத்தில் மெல்லிய குமிழ்கள் வரிசையாக வரத் தொடங்கின.

குமிழ் வந்தால் இரண்டு காரணங்கள் இருக்கலாம். ஏதாவது ஒரு கிளிப் தளர்ந்து வெளிக்காற்று நுழையலாம்; அல்லது அடைத்த ஃபில்டருக்குப் பின்னால் பம்ப் கடுமையாக உறிஞ்சுவதால், டீசலில் கரைந்திருக்கும் காற்றே பிரிந்து வரலாம். இந்த வண்டியில் டேங்கில் தனிப் பம்ப் கிடையாது. எஞ்சினோடு சேர்ந்த ரோட்டரி பம்ப்பே டேங்கிலிருந்து டீசலை இழுக்கிறது. ஃபில்டர் அந்த உறிஞ்சும் பாதையில் இருக்கிறது. ஆகையால் எஞ்சின் ஓடும்போது இந்தப் பாதையில் ஓட்டை இருந்தாலும் டீசல் ஒழுகாது. காற்றுதான் உள்ளே போகும். சங்ககிரியில் லாரி எஞ்சின்களோடு வாழ்நாளைக் கழித்த மெக்கானிக் ஒருவரிடம் தொலைபேசியில் கேட்டபோது அவர் சொன்னதும் அதுவே: “தம்பி, டீசல் வெளியே ஒழுகினா கண்ணுக்குத் தெரியும். காத்து உள்ளே போனா தெரியாது. ஐட்லிங்குலயே குமிழ் வந்தா கிளிப்பைப் பாருங்க. மிதிக்கும்போது மட்டும் வந்தா ஃபில்டரைக் கழட்டுங்க.” அவர் சொன்ன அந்த வேறுபாட்டை நம்பித்தான் வேலையைத் தொடங்கினேன். ஆயினும் பழைய கிளிப்கள் அனைத்தையும் இதே சாக்கில் மாற்றிவிடுவது என்று முடிவு செய்தேன்; இருபது ஆண்டு பழைய ரப்பர் குழாயின் நுனியை ஒரு விரற்கடை வெட்டிவிட்டுப் புதிய இடத்தில் கிளிப் போடுவது மிக நல்ல பழக்கம்.

ஃபில்டர் சில நூறு ரூபாய்க்குள் கிடைத்துவிடும் பொருள். வாங்கும்போது பார்க்க வேண்டியவை மூன்று: மரையின் அளவு பழையதோடு ஒத்திருக்க வேண்டும், அடிப்பக்கத்தில் வாட்டர் சென்சார் (தண்ணீர் சேர்ந்தால் காட்டிக்கொடுக்கும் கருவி) பொருத்துவதற்கான துளை இருக்க வேண்டும், இடுக்கில் கசிவைத் தடுக்கும் புதிய கேஸ்கெட்டும் சென்சாருக்கான ஓ-ரிங் என்ற ரப்பர் வளையமும் பெட்டியிலேயே இருக்க வேண்டும். ஓ-ரிங் இல்லாத பெட்டியை நான் வாங்குவதில்லை. பழைய ஓ-ரிங்கை மறுபடி போட்டால் அதே இடத்தில் காற்று நுழைவது ஏறக்குறைய உறுதி.

வேலைக்குக் காலை நேரத்தைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. டீசல் பெட்ரோலைப்போல் எளிதில் பற்றாது என்பது பொதுவான நம்பிக்கை. ஆனால் இந்தியத் தர விதிப்படி வாகன டீசலின் தீப்பற்று வெப்பநிலை (தீப்பொறி பட்டால் அதன் ஆவி பற்றும் வெப்பநிலை) குறைந்தது 35 டிகிரி செல்சியஸ் இருந்தால் போதும். சேலத்தின் சித்திரை மாதப் பிற்பகல் அதைவிடச் சூடானது. எஞ்சின் அறைக்குள் இன்னும் சூடு அதிகம். ஆகவே இரவு முழுவதும் ஆறிய எஞ்சினில், நிழலில், பேட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றிவிட்டு, பக்கத்தில் ஊதுபத்தி, விளக்கு எதுவும் இல்லாமல் தொடங்கினேன். டீசல் வழிந்தால் கீழே உள்ள ரப்பர் மவுண்டுகளும் பெல்ட்டும் ஊறி உப்பிக் கெட்டுவிடும் என்பதால் ஃபில்டருக்கு அடியில் ஒரு தட்டும், அதைச் சுற்றிப் பாலித்தீன் தாளும் விரித்தேன்.

இந்த வேலையின் முக்கியமான பகுதி, எதையும் திருகுவதற்கு முன் நடப்பது. ஃபில்டர் திருகி நிற்கும் மேல் பாகமான ஃபில்டர் ஹெட்டைச் சுற்றிப் பல ஆண்டு மண்ணும் எண்ணெயும் சேர்ந்து கெட்டியாகப் படிந்திருந்தது. பழைய ஃபில்டரைக் கழற்றும் நொடியில் அந்த மண்ணில் ஒரு துகள் ஹெட்டின் நடுத் துளைக்குள் விழுந்தால், அது ஃபில்டரைத் தாண்டிய சுத்தப் பக்கத்தில் விழுந்ததாகும். அதற்கப்புறம் பம்புக்கும், எஞ்சினுக்குள் டீசலைத் தெளிக்கும் நாசிலுக்கும் முன்னால் அதைத் தடுக்க எதுவும் இல்லை. பம்பினுள் டீசலை அழுத்தித் தள்ளும் தண்டான பிளஞ்சருக்கும் அதன் உறைக்கும் இடையிலான இடைவெளி மைக்ரான் கணக்கில் இருப்பது; தலைமுடியின் தடிமனே ஐம்பது மைக்ரானுக்கு மேல். பழைய பல்துலக்கும் பிரஷ்ஷால் டீசல் தொட்டுத் தேய்த்து, சைக்கிள் பம்பால் ஊதி, நூல் பிரியாத பனியன் துணியால் துடைத்தேன். பஞ்சு வேஸ்ட்டை இங்கே பயன்படுத்தக் கூடாது. அதன் இழைகள் ஒட்டிக்கொள்ளும்.

சுத்தம் முடிந்ததும், ஃபில்டரின் அடியிலுள்ள வடிகால் திருகைத் தளர்த்தி, வருவதை ஒரு கண்ணாடி ஊறுகாய் பாட்டிலில் பிடித்தேன். முதலில் வந்தது பழுப்பாகக் கலங்கி வந்தது, பிறகு தெளிந்தது. பாட்டிலை அசையாத இடத்தில் வைத்துவிட்டுச் சிறிது நேரம் கழித்துப் பார்த்தபோது, அடியில் ஒரு விரல் உயரத்துக்குத் தெளிவற்ற நீரும், மேலே மஞ்சள் டீசலும், இரண்டுக்கும் நடுவே மோரின் மேல் படியும் ஏடு போன்ற கருமையான மெல்லிய படலமும் பிரிந்து நின்றன. அடியில் இருப்பது தண்ணீர்தானா என்று உறுதிப்படுத்த, பேனா மையில் ஒரு சொட்டு விட்டேன். நீல உருண்டை டீசலில் கரையாமல் அப்படியே இறங்கி, நடுவிலிருந்த படலத்தின் மேல் ஒரு கணம் தங்கி, அதைத் துளைத்துக்கொண்டு கீழே போய் விரிந்தது. அடிப்பகுதி மட்டும் நீலமானது. இவ்வளவு தண்ணீர் சேர்ந்திருக்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

இவ்வளவு தண்ணீர் இருந்தும் டேஷ்போர்டில் எச்சரிக்கை விளக்கு ஏன் எரியவில்லை என்பது அடுத்த கேள்வி. வாட்டர் சென்சார் என்பது ஃபில்டரின் அடியில் திருகப்பட்டிருக்கும் சிறிய மிதவைதான். டீசலில் மூழ்கிக் கிடக்கும் அந்த மிதவை, அடியில் தண்ணீர் சேர்ந்தால் மேலே எழும். எழுந்ததும் உள்ளிருக்கும் சுவிட்ச் இணைந்து விளக்கு எரியும். சென்சாரைக் கழற்றி, பேட்டரியைத் தற்காலிகமாக இணைத்து, சாவியை ஆன் செய்து, சென்சாரைத் தலைகீழாகப் பிடித்தேன். மிதவை நகர்ந்தது, விளக்கு எரியவில்லை. கனெக்டரைப் பிரித்தபோது காரணம் தெரிந்தது: பித்தளை முனைகள் இரண்டிலும் பச்சைக் களிம்பு ஏறியிருந்தது. நுண்ணிய உப்புத்தாளால் தேய்த்து, கான்டாக்ட் கிளீனர் தெளித்து, முனைகளைச் சிறிது நெருக்கிப் பொருத்தியதும், சென்சாரைத் தலைகீழாக்கும்போதெல்லாம் விளக்கு ஒழுங்காக எரிந்தது. ஃபில்டர் மாற்றுகிறவர்கள் அனைவரும் இந்தச் சோதனையைச் செய்ய வேண்டும் என்று வற்புறுத்துவேன். சென்சார் கையில் இருக்கும் நேரம் இது ஒன்றுதான். பணிமனைகளில் அவசரத்தில் இதை யாரும் பார்ப்பதில்லை.

பழைய ஃபில்டர் ரென்ச் போட்டதும் அசைந்துகொடுத்தது. அசையாவிட்டால் ஸ்குரூ டிரைவரை ஃபில்டரின் வயிற்றில் குத்தித் திருப்பும் பழக்கம் உண்டு; அதை நான் ஆதரிக்கவில்லை, தகடு கிழிந்து துகள் தெறிக்கும் இடத்துக்கு மேலேதான் திறந்த துளை இருக்கிறது. கழற்றியதும் முதலில் பார்க்க வேண்டியது ஹெட்டின் அடிப்பகுதி. பழைய கேஸ்கெட் சில சமயம் ஃபில்டரோடு வராமல் ஹெட்டிலேயே ஒட்டிக்கொண்டு நின்றுவிடும்; அதன் மேலேயே புதியதைத் திருகினால் இரண்டு கேஸ்கெட்டுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அமர்ந்து, எவ்வளவு இறுக்கினாலும் காற்று நுழையும். எங்கள் வண்டியில் அது ஃபில்டரோடே வந்துவிட்டது. ஹெட்டின் முகத்தை விரல் நுனியால் ஒரு சுற்றுத் தடவி, மேடு பள்ளம் இல்லை என்று உறுதி செய்துகொண்டேன்.

புதிய ஃபில்டரில் டீசலை ஊற்றி நிரப்பிவிட்டுப் பொருத்தலாமா என்பதில் மெக்கானிக்குகளிடையே இரு கருத்துகள் உண்டு. நிரப்பினால் ஏர் எடுக்கும் (குழாயில் புகுந்த காற்றை வெளியேற்றும்) வேலை குறையும் என்பது ஒரு சாரார் வாதம். ஃபில்டரின் மேல் முகத்தைப் பார்த்தால், விளிம்பைச் சுற்றிச் சிறு துளைகளும், நடுவில் மரையுள்ள பெரிய துளையும் இருக்கும். டீசல் விளிம்புத் துளைகள் வழியாக உள்ளே போய், தாளைக் கடந்து, நடுத் துளை வழியாக வெளியேறுகிறது. கை வசதிக்காக நடுத் துளையில் ஊற்றினால், வடிகட்டாத டீசலைச் சுத்தப் பக்கத்தில் ஊற்றியதாகிவிடும். ஹெட்டின் மேலேயே ஹேண்ட் பம்ப் இருக்கும் வண்டியில் இந்த அபாயம் எதற்கு என்பது என் எண்ணம், காலியாகவே பொருத்தினேன். சென்சாரைப் புதிய ஓ-ரிங்கோடு கையால் இறுக்கி, கேஸ்கெட்டில் சுத்தமான டீசலைத் தடவி, ஃபில்டரை மரையில் ஏற்றி, கேஸ்கெட் ஹெட்டைத் தொட்ட இடத்திலிருந்து முக்கால் சுற்று கையாலேயே இறுக்கினேன். ரென்ச் கழற்றுவதற்கு மட்டுமே.

பிறகு ஏர் எடுத்தல். ஹேண்ட் பம்பை உள்ளங்கையால் அழுத்தி அழுத்தி விட வேண்டும். தொடக்கத்தில் வெறுமையாக இறங்கும், ஃபில்டர் நிரம்ப நிரம்பக் கனமாகி, கடைசியில் அழுத்த முடியாத அளவுக்குக் கெட்டியாகும். அப்போதும் பொறுமை இழக்காமல் சிறிது நேரம் விட்டு மறுபடியும் அழுத்திப் பார்ப்பது நல்லது. காற்று மேலே ஏறி வந்து சேர நேரம் எடுக்கும். பேட்டரியை இணைத்து, ஹீட்டர் விளக்கு அணையும்வரை காத்திருந்து செல்ஃப் அடித்ததும், எஞ்சின் சற்றே தடுமாறி எடுத்துக்கொண்டது. எடுக்காவிட்டால் பத்துப் பதினைந்து நொடிகளுக்கு மேல் தொடர்ந்து செல்ஃப் அடிக்காமல் இடைவெளி விட வேண்டும். ஸ்டார்ட்டர் மோட்டார் சூடேறி எரிந்துபோனால் அதன் செலவு ஃபில்டரைப்போல் பல மடங்கு.

இங்கே ஓர் எச்சரிக்கையை அழுத்திச் சொல்ல வேண்டும். இதுபோன்ற பழைய எஞ்சின்கள் அப்படியும் எடுக்காதபோது, நாசிலுக்குப் போகும் இரும்புப் பைப்பின் நட்டைத் தளர்த்திவிட்டுச் செல்ஃப் அடித்து, டீசல் குமிழ் இல்லாமல் வந்ததும் இறுக்குவது வழக்கம். எல்லா நாசில்களுக்கும் ஒரே பொதுக் குழாயிலிருந்து உயர் அழுத்தத்தில் டீசல் போகும் காமன் ரெயில் எஞ்சினில் இதை எக்காரணம் கொண்டும் செய்யக் கூடாது. இன்னோவா, ஸ்விஃப்ட் டீசல் தொடங்கி அண்மைக்கால டீசல் கார்கள் அனைத்தும் காமன் ரெயில் வகையே. அந்த ரெயிலில் அழுத்தம் ஆயிரம் பாரைத் (ஒரு பார் என்பது ஏறத்தாழ கடல் மட்டக் காற்றழுத்தம்) தாண்டி, சில எஞ்சின்களில் 1,600 பார் வரை போகும். ஊசி நுனி அளவு கசிவுகூடத் தோலைத் துளைத்துத் தசைக்குள் டீசலைச் செலுத்திவிடும். வெளியே சிறு புள்ளி மட்டும் தெரியும், உள்ளே திசுக்கள் அழுகத் தொடங்கும், உடனடி அறுவை சிகிச்சை இல்லாவிட்டால் விரலே போகும். அந்த வண்டிகளில் ஃபில்டர் மாற்றலாம், ஏர் எடுக்கும் முறையை மட்டும் அந்தந்த வண்டியின் சர்வீஸ் கையேட்டின்படியே செய்ய வேண்டும். பெட்ரோல் வண்டியின் கதை முற்றிலும் வேறு. எஞ்சின் நின்ற பிறகும் குழாயில் அழுத்தம் தங்கியிருக்கும், ஆவி எந்தக் குளிரிலும் பற்றும்.

எஞ்சின் ஓடத் தொடங்கியதும் சோதனைக் குழாயைப் பார்த்தேன். முதலில் மிஞ்சிய காற்று பெரிய குமிழ்களாகப் போனது. பிறகு, முன்பு குமிழ் வந்த அதே வேகத்தில் நீண்ட நேரம் பிடித்தும் ஒரு குமிழும் இல்லை. குழாயை எடுத்துவிட்டு ரப்பர் குழாயைப் புதிய கிளிப்களோடு மாட்டினேன்.

வண்டியின் வேலை அங்கே முடிந்தது. ஆனால் இத்தனை தண்ணீர் எங்கிருந்து வந்தது என்பது தெரியாமல் புதிய ஃபில்டரை நம்பிக்கொண்டிருக்க முடியாது. அதனால் பழைய ஃபில்டரை இரவு முழுவதும் கவிழ்த்து வடியவிட்டு, மறுநாள் அறுத்துப் பார்த்தேன். கிரைண்டர் பொறி பறக்கவிடும் கருவி. டீசல் ஊறிய டப்பாவின் பக்கமே அதைக் கொண்டுபோகக் கூடாது. ரம்பத்தால் விளிம்பு மடிப்பை ஓர் இடத்தில் மட்டும் அறுத்து வழி செய்துகொண்டு, மீதியைத் தகரக் கத்திரியால் வெட்டினேன். உள்ளே இருந்த தாளை மடிப்பு மடிப்பாகச் செய்தித்தாள் மேல் விரித்ததும் பாதி விடை கிடைத்தது. தாளின் மேற்பகுதி வெளிர் பழுப்பு. கீழே வர வர நிறம் கறுத்து, அடிப்பகுதியில் விரலால் தொட்டால் வழுக்கும் கரும்பசை மடிப்புகளுக்கு நடுவே அப்பியிருந்தது. புளித்த வாடை வேறு. மடிப்புகளின் அடியில் செம்பழுப்புப் பொடியும் இருந்தது. காகிதத்துக்கு அடியில் காந்தத்தை நகர்த்தினால் அந்தப் பொடியின் ஒரு பகுதி கூடவே ஊர்ந்தது.

வழுக்கும் அந்தப் பசை வெறும் அழுக்கு அன்று. டீசலுக்கும் தண்ணீருக்கும் இடையிலுள்ள எல்லையில் பாக்டீரியாவும் பூஞ்சையும் வளரும். தண்ணீரில் வாழ்ந்துகொண்டு, டீசலிலுள்ள ஹைட்ரோகார்பனை உண்டு பெருகும். எரிபொருளில் வளர்வதற்குப் பெயர் பெற்ற ஹார்மோகோனிஸ் ரெசினே என்ற பூஞ்சையை விமான எரிபொருள் டேங்குகளிலும் கண்டிருக்கிறார்கள். தண்ணீர் இல்லாத இடத்தில் இவற்றுக்கு வாழ்வில்லை. ஆகவே பசை இருக்கிறது என்றால் தண்ணீர் நேற்று வந்ததன்று, நெடுநாள் தங்கியிருக்கிறது என்று பொருள். இரும்புப் பொடி இருக்கிறது என்றால் அந்தத் தண்ணீர் ஏதோ ஓர் இரும்புக் கலத்தை அரித்துக்கொண்டிருக்கிறது என்று பொருள்.

ஏற்காட்டில் நாகலூர் பக்கம் மாமனாருக்கு ஒரு சிறிய காப்பித் தோட்டம் உண்டு. ஜெனரேட்டருக்கும் மருந்தடிக்கும் பம்புக்கும் என்று அங்கே 200 லிட்டர் பேரலில் டீசல் வைத்திருப்பார்கள். மேலே தங்கும் நாட்களில் காருக்கும் அதிலிருந்தே ஊற்றிக்கொள்வது வழக்கம். பேரலைச் சோதிக்க வேண்டும் என்றதும் மாமா ஏற்கவில்லை. “மூடி இறுக்கமாத்தானே இருக்குதுங்க மாப்பிள்ளை, தண்ணி எப்படிப் போகும்?” என்றார். கேள்வி நியாயமானது, மூடி உண்மையிலேயே இறுக்கமாக இருந்தது. ஆனால் பேரல் வெட்டவெளியில், நிமிர்த்தி வைக்கப்பட்டிருந்தது. பேரலின் மேல்முகம் விளிம்பைவிடத் தாழ்ந்திருப்பதால் மழை பெய்தால் அதில் தண்ணீர் தேங்கும். மூடி அந்தத் தேக்கத்துக்குள் மூழ்கும். பகல் வெயிலில் உள்ளே இருக்கும் காற்று விரிந்து, மூடியின் மரை வழியாகச் சிறிது வெளியேறும். இரவுக் குளிரில் அது சுருங்கும்போது வெளியிலிருந்து உறிஞ்சும். மூடியைச் சுற்றித் தண்ணீர் நின்றால், உறிஞ்சப்படுவது தண்ணீர்தான். பகலில் வெயிலும் மாலையில் மூடுபனியும் மாறி மாறி வரும் ஏற்காட்டில் இது நாள்தோறும் நடக்கும். மழையே இல்லாவிட்டாலும் பனி ஈரம் உள்ளே போய்ச் சுவரில் வியர்த்து இறங்கும்.

நீண்ட கண்ணாடிக் குழாயைப் பேரலின் அடிவரை இறக்கி, மேல் நுனியைக் கட்டைவிரலால் மூடி எடுத்தபோது, குழாயின் கீழே நீரும், அதன் மேல் கரும்படலமும், அதற்கும் மேல் டீசலும் அப்படியே அடுக்காக வந்தன. மாமா குழாயை வாங்கி வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்த்தார். அன்றே பேரலைக் கொட்டகைக்குள் நகர்த்தி, பலகை அடித்துப் படுக்கவைத்தோம். மூடிகள் இரண்டும் கடிகாரத்தில் மூன்று மணி, ஒன்பது மணி இருக்கும் இடங்களில் வருமாறு உருட்டி நிறுத்தினால், பேரலில் பாதிக்கு மேல் டீசல் இருக்கும்வரை அவை டீசல் மட்டத்துக்குக் கீழே இருக்கும். அப்போது காற்றோ ஈரமோ அவற்றின் வழியாக உறிஞ்சப்படாது. டீசல் எடுக்கும் குழாயின் நுனி பேரலின் அடியைத் தொடாமல் நான்கு விரல் மேலே நிற்குமாறு வெட்டினோம்.

கார் டேங்கிலும் அந்தத் தண்ணீர் இருந்தே தீரும். வண்டியை இரவு முழுவதும் அசையாமல் நிறுத்தி, விடிந்ததும் ஓட்டாமலேயே டேங்கின் அடியிலுள்ள வடிகால் திருகைத் திறந்து, தெளிந்த டீசல் வரும்வரை பிடித்தேன். தண்ணீர் டீசலைவிடக் கனமானதால் அடியில்தான் கிடக்கும். வண்டியை ஓட்டிக் கலக்கிய பிறகு திறந்தால் பயனில்லை. ரோட்டரி பம்ப் முழுக்க முழுக்க டீசலாலேயே உயவிடப்படுவது. பிளஞ்சர்கள் வரிசையாக நிற்கும் பழைய லாரிகளின் இன்லைன் பம்புகளில், அவற்றைத் தள்ளும் கேம் பகுதிக்காவது எஞ்சின் ஆயில் போகும், இதற்கு அதுவும் இல்லை. டீசலோடு தண்ணீர் போகும் ஒவ்வொரு நிமிடமும் பம்பின் உலோகம் உலோகத்தோடு உரசிக்கொண்டிருக்கும். வண்டி இழுக்காமல் நின்றது ஒரு விதத்தில் நல்லது என்றே சொல்வேன். ஃபில்டர் தண்ணீரைத் தடுக்கும் தன் வேலையைச் செய்ததால்தான் அடைத்தது.

வடித்தெடுத்த டீசலைச் சாக்கடையில் ஊற்றுவது தவறு. சேலத்துச் சாக்கடைகள் போய்ச் சேரும் இடம், ஏற்காடு இருக்கும் இதே சேர்வராயன் மலையில் பிறந்து வரும் திருமணிமுத்தாறு. கேனில் தெளியவிட்டு, மேலே நின்ற டீசலைப் பாகங்கள் கழுவ எடுத்துக்கொண்டு, அடியில் நின்ற நீரையும் பசையையும் கழிவு ஆயில் சேகரிக்கும் பணிமனையில் கொடுத்துவிட்டேன்.

இதற்கெல்லாம் பிறகு ஏற்காட்டுக்கு ஏறியபோது வண்டி மேலே போய்ச் சேரும்வரை எந்த வளைவிலும் சோரவில்லை. ஆனாலும் டேங்கின் சுவரில் ஒட்டியிருக்கும் பசை ஒரே வடிப்பில் போய்விடாது. சிறிது சிறிதாகப் பெயர்ந்து ஃபில்டருக்குத்தான் வரும். இப்போதைக்கு ஒவ்வொரு வாரமும் வடிகால் திருகைத் திறந்து அதே பாட்டிலில் பிடித்துப் பார்க்கிறேன். முதல் வாரம் அடியில் சில முத்துகளாக நீர் நின்றது, அதற்குப் பிறகு கலங்கல் மட்டுமே இருக்கிறது. கையேட்டில் சொல்லியிருக்கும் கிலோமீட்டர் வரை காத்திருக்காமல் இந்த ஃபில்டரைப் பாதி தூரத்திலேயே மாற்றி, இதன் தாளையும் விரித்துப் பார்க்கப் போகிறேன்.